சிறு மின்வழங்கிகளில் மின்காப்பு எல்லை: உறுப்பிலா, இடைவெளியிலா?

வீட்டு மின்சாரத்திலிருந்து 5 வோல்ட் எடுத்துத் தரும் சிறு மாட்யூல்கள் இன்று ஸ்மார்ட் சுவிட்ச், மின்னளவி, கட்டுப்பாட்டுப் பலகை எனப் பலவற்றிலும் இடம்பெறுகின்றன. இவற்றின் பாதுகாப்பை உள்ளிருக்கும் மின்மாற்றியின் பெயரில் எழுதிவிடுவது வழக்கம். அது பாதி உண்மைதான். மின்காப்பு தனியோர் உறுப்பின் குணம் அன்று. வீட்டு மின்சாரப் பக்கத்தையும் 5 வோல்ட் பக்கத்தையும் பிரித்தபடி, மாட்யூலுக்குள் தொடங்கி, அதைப் பொருத்தும் பலகை வரை அறுபடாமல் செல்ல வேண்டிய எல்லை அது. உள்ளே உற்பத்தியாளர் அமைத்ததை வெளியே காப்பது பொருத்துபவரின் பொறுப்பு என்பதே இக்கட்டுரையின் வாதம்.

1. இயங்கும் முறை

பரவலாகப் பயன்படும் எச்எல்கே-பிஎம்01 மாட்யூலின் அளவு 34 × 20 × 15 மில்லிமீட்டர். வெளியீடு 5 வோல்ட், 3 வாட். இவ்வளவு சிறிய பெட்டிக்குள் இந்தத் திறனுக்கான 50 ஹெர்ட்ஸ் மின்மாற்றி அடங்காது. அதிர்வெண் உயர உயர, அதே மின்னழுத்தத்துக்குக் குறைந்த சுற்றுகளும் சிறிய உள்ளகமும் போதும். எனவே இவ்வகை மாட்யூல்களில் 230 வோல்ட் முதலில் டையோடு பாலத்தால் திருத்தப்பட்டு, மின்தேக்கியில் சுமார் 325 வோல்ட்டாக நிற்கிறது. அதை ஒரு மாஸ்ஃபெட் சுவிட்ச் நொடிக்குப் பல பத்தாயிரம் முறை வெட்டுகிறது.

பெரும்பாலும் கையாளப்படுவது ஃப்ளைபேக் அமைப்பு. மாஸ்ஃபெட் மூடியிருக்கையில் முதன்மைச் சுருளில் மின்னோட்டம் ஏறுகிறது; ஆற்றல் ஃபெரைட் உள்ளகத்தின் சிறு காற்றிடைவெளியில் சேர்கிறது. அப்போது துணைச்சுருள் பக்க டையோடு கடத்துவதில்லை. மாஸ்ஃபெட் திறந்ததும் துருவம் புரண்டு, சேர்ந்த ஆற்றல் வெளியீட்டுக்குப் பாய்கிறது. உள்ளீடு 4 வாட், அதிர்வெண் 65 கிலோஹெர்ட்ஸ் எனக் கொண்டால், ஒரு துடிப்பில் கைமாறுவது ஏறத்தாழ 60 மைக்ரோஜூல்.

2. எல்லையைக் கடப்பவை

மின்மாற்றி ஆற்றலைக் காந்தப்புலத்தின் வழியே கடத்துகிறது. பல வடிவமைப்புகளில் வெளியீட்டு மின்னழுத்தம் பற்றிய செய்தி ஆப்டோகப்ளரின் ஒளி வழியே எதிர்த்திசையில் செல்கிறது. 5 வோல்ட்டை இரு சம மின்தடைகள் பாதியாக்க, டிஎல்431 என்ற சில்லு அதைத் தன் 2.5 வோல்ட் ஒப்பளவோடு ஒப்பிடுகிறது. வெளியீடு ஏறினால் ஆப்டோகப்ளரின் எல்.இ.டி. கூடுதலாக ஒளிர்ந்து, முதன்மைப் பக்கம் துடிப்பைக் குறைக்கிறது. மூன்றாவது, இரைச்சலை அடக்க இரு பக்கங்களையும் இணைக்கும் ஒய் வகை மின்தேக்கி. இது குறுக்குச்சுற்றானால் எல்லையே உடையும். அதனால் பழுதானாலும் குறுக்குச்சுற்றாகாதபடி தனித் தரத்தில் செய்யப்படுகிறது. 1 நானோஃபாரட் அளவில், 230 வோல்ட் முழுவதும் அதன்மீது நின்றாலும் கசிவு 72 மைக்ரோஆம்பியரே. ஆகவே மின்மாற்றியின் காப்பை மட்டும் சோதித்துப் பாதுகாப்பை அறுதியிட முடியாது. மூன்றில் எது நலிந்ததோ அதன் அளவே மொத்தக் காப்பின் அளவு.

3. சோதனையும் இடைவெளியும்

3000 வோல்ட் தாங்கும் சோதனையில் தேறினால் போதாதா என்று கேட்கலாம். போதாது. அச்சோதனை சில நொடிகளிலோ ஒரு நிமிடத்திலோ முடிவது. ஈரமும் தூசியும் பலகையின் மேற்பரப்பில் படிந்து, மெல்ல மெல்லக் கடத்தும் தடம் உருவாக ஆண்டுகள் ஆகலாம். அந்தக் கேட்டைத் தடுப்பது ஊர்வுத் தொலைவு, அதாவது மேற்பரப்பு வழியே அளக்கப்படும் இடைவெளி. சாதாரண அச்சுப்பலகைப் பொருளில், 250 வோல்ட்டுக்கான வலுவூட்டிய காப்புக்கு ஐ.இ.சி. 62368-1 பாதுகாப்புத் தரநிலை பொதுவாகக் கேட்பது 5 மில்லிமீட்டர்.

எச்எல்கே-பிஎம்01 மாட்யூலில் மின்சார முனைகள் ஒரு கோடியிலும் வெளியீட்டு முனைகள் மறு கோடியிலும் இருப்பதன் பொருள் இதுவே. ஆனால் பலகை வரைபவர், வெளியீட்டுப் பக்கத்துத் தரைச் செப்புத்தளத்தை மாட்யூலின் அடிவரை பரப்பி 230 வோல்ட் தடத்தருகே ஒரு மில்லிமீட்டரில் நிறுத்தினால், உள்ளே அமைந்த காப்பு முழுவதும் வெளியே வீணாகிறது. சுற்று வழக்கம்போல் இயங்கும். 5 வோல்ட்டும் துல்லியமாக வரும். இயக்கச் சோதனை எதுவும் இப்பிழையைக் காட்டாது.

முடிவு

எனவே சிறு மின்வழங்கியை மதிப்பிடும்போது வெளியீட்டின் தரத்தோடு எல்லையின் தொடர்ச்சியையும் தனியே ஆராய வேண்டும். பலகையின் வரைபடத்திலேயே அந்த எல்லையைக் கோடாக வரைந்து, அதைக் கடக்கும் ஒவ்வொரு செப்புத்தடத்துக்கும் கணக்குக் கேட்பதை மின்னணுவியல் பாடத்திட்டமும் செய்முறைத் தேர்வும் கட்டாயமாக்க வேண்டும்.