செப்பேடும் இசைத்தட்டும்

சென்னையிலிருந்து கூடூர் நோக்கிச் செல்லும் இருப்புப்பாதையில், தமிழும் தெலுங்கும் அடுத்தடுத்து ஒலிக்கும் ஊர் சூளூர்பேட்டை. 2022-ஆம் ஆண்டு முதல் அது திருப்பதி மாவட்டத்தைச் சேர்ந்தது. அவ்வூர்த் தமிழர் இல்லங்களிலும், தொலைவில் வாழும் நம்மவர் இல்லங்களிலும் வைகறையில் கேட்கும் குரல் ஒன்றுண்டு. அது எம். எஸ். சுப்புலட்சுமியின் குரல். அக்குரல் பாடிய அன்னமாசாரியர் கீர்த்தனைகள் நம்மை வந்தடைந்த வரலாறு, சிந்திக்கத்தக்கது.

தாள்ளபாக்கம் அன்னமாசாரியர் (1408–1503) திருவேங்கடவன்மீது 32,000 பாடல்கள் இயற்றினார் என்பது மரபு. அவை செப்பேடுகளில் பொறிக்கப்பெற்றுத் திருமலைக் கோயிலின் அறையொன்றில் வைக்கப்பட்டன. பின்னர் உலகம் அவற்றை மறந்தது. 20-ஆம் நூற்றாண்டின் முற்பகுதியில் அவை மீண்டும் ஆராய்ச்சிக்கு வந்தபோது, ஏறத்தாழ 12,000 பாடல்களே எஞ்சியிருந்தன.

செப்பேடு சொல்லைக் காத்தது, ராகத்தின் பெயரையும் காத்தது, மெட்டைக் காக்கவில்லை. ஆகவே ராள்ளபள்ளி அனந்தகிருஷ்ண சர்மா, நேதுனூரி கிருஷ்ணமூர்த்தி போன்ற அறிஞர்கள் புதிதாக இசையமைக்க வேண்டியதாயிற்று. இன்று நாம் கேட்பது அன்னமாசாரியரின் சொல்; மெட்டோ பெரும்பாலும் நமது காலத்தது.

1979–80-ஆம் ஆண்டுகளில், 'பாலாஜி பஞ்சரத்ன மாலை' ஐந்து இசைத்தட்டுகளாக உருப்பெற்றது. செப்பேடு காக்க இயலாத கமகமும், குரலின் குழைவும், மூச்சின் இடைவெளியும் அத்தட்டுகளில் நிலைபெற்றன.

இன்று கணினி மற்றொரு வாய்ப்பைத் தந்துள்ளது. 1982-இல் வந்த குறுந்தட்டு, ஒலியை வினாடிக்கு 44,100 முறை அளந்து பதிக்கிறது. எம்.பி.3 முறை அவ்வளவிலிருந்து செவிக்கு எட்டாதெனக் கருதுவதைக் களைந்து, பத்தில் ஒரு பங்காகவும் சுருக்குகிறது. களைந்தது மீளாது. இழப்பில்லா முறையோ மூட்டையை இறுகக் கட்டுவது போன்றது. அவிழ்த்தால் ஓர் எண்ணும் குறையாது. ஆயினும் மூலத்தில் இல்லாததை அது தாராது. தேய்ந்த தட்டிலிருந்து எடுத்தால் கீறலையும் சேர்த்தே காக்கும்.

எனவே, வீட்டில் பழைய தட்டுகளை வைத்திருப்போர் அவற்றைத் துடைத்து, நல்ல ஊசியில் ஓட்டி, இழப்பின்றி ஒரு படி எடுத்து வைத்தல் நலம். அன்றாடம் கேட்கச் சிறிய படி போதும். பிள்ளைகளுக்கு விட்டுச்செல்ல முழுப் படி வேண்டும். மெட்டை இழந்த செப்பேடுகளின் கதை நம் காலத்திலும் நிகழலாகாது.