எழும்பூர் மணலில் ஆங்கில எழுத்து

சின்னப் பிள்ளைகளுக்கு ஆங்கில எழுத்துகளை விளையாட்டாகச் சொல்லித்தருவது அண்மையில் வந்த பழக்கம், அதற்கு முன்பு பிரம்பும் மனப்பாடமும்தான் இருந்தன என்றே பலரும் நினைக்கிறார்கள். உண்மையில் எழுத்துப் பொம்மைக்கும் பிரம்பு அளவுக்கு வயது உண்டு. முதல் நூற்றாண்டிலேயே ரோம் நகரத்து ஆசிரியர் குவின்டிலியன், தந்தத்தில் செய்த எழுத்துகளைக் குழந்தைகளிடம் விளையாடக் கொடுப்பதைப் பாராட்டி எழுதினார். ஐந்தாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் ஜெரோம் என்ற துறவி, லேயட்டா என்ற தாய்க்கு எழுதிய கடிதத்தில், அவள் மகளுக்கு மரத்திலோ தந்தத்திலோ எழுத்துகள் செய்துகொடுக்கச் சொன்னார். பின்னாளில் ஆங்கிலம் எடுத்துக்கொண்டதும் அந்த லத்தீன் எழுத்து வரிசையைத்தான். இவ்வளவு பழைய விளையாட்டு ஏன் பெரும்பாலான பிள்ளைகளை எட்டவே இல்லை? எட்டிய காலத்தில் எதனால் எட்டியது? விலையுயர்ந்த பொம்மை அதைச் செய்யவில்லை, தப்பாக எழுதினாலும் எதுவும் கெட்டுப்போகாத ஒரு மலிவான பரப்புதான் செய்தது என்பது என் வாதம். அந்தப் பரப்பு இங்கிலாந்துக்குச் சென்னையிலிருந்து போனது.

இங்கிலாந்துப் பிள்ளையின் முதல் பாடநூல் பல தலைமுறைகளுக்குக் கைப்பிடி வைத்த ஒரு மரப்பலகையாக இருந்தது. எழுத்துகளும் கர்த்தர் ஜெபமும் கொண்ட தாளை அதில் ஒட்டி, மேலே மெல்லிய கொம்புத் தகட்டைப் பதித்திருப்பார்கள். ‘ஹார்ன்புக்’ என்று அதற்குப் பெயர். பிள்ளைகள் அதைப் பூப்பந்து மட்டையாக்கி ஆடியதும் உண்டு. ஆனால் அந்த விளையாட்டுக்கும் எழுத்துக்கும் சம்பந்தமில்லை. எழுத்தையே ஆட்டமாக்க முயன்றவர்களில் ஒருவர் ஹியூ பிளாட். 1594-இல் வந்த நூலில் அவர் நான்கு பெரிய பகடைகளைச் செய்து, பக்கத்துக்கு ஓர் எழுத்தாகப் பொறிக்கச் சொன்னார். அன்றைய ஆங்கிலத்துக்கு 24 எழுத்துகள் என்பதால் கணக்கும் சரியாக இருந்தது. நூறு ஆண்டு கழித்து, 1693-இல், ஜான் லாக் தம் கல்வி நூலில் அதே வழியை இன்னும் கூர்மையாக்கினார். பல முகங்கள் கொண்ட உருண்டையில் முதலில் நான்கு எழுத்துகளோ இரண்டோ மட்டும் ஒட்ட வேண்டும், அவை பழகிய பிறகே அடுத்த எழுத்து சேர வேண்டும். பெரியவர்கள் அதைத் தங்கள் ஆட்டமாக ஆட, பிள்ளை தானாக ஆசைப்பட்டு வர வேண்டும். படிப்பு ஒரு கடமையாகத் தோன்றவே கூடாது என்பது லாக்கின் நிபந்தனை. ஆனால் அவர் மனத்தில் இருந்தவர்கள் கனவான்களின் பிள்ளைகள். பகடை செய்யப் பணமும், கூட உட்கார்ந்து ஆட ஓய்வுள்ள பெரியவர்களும் உள்ள வீட்டுக்குத்தான் அந்த யோசனை பொருந்தும்.

பதிப்பாளர் ஜான் நியூபெரி 1744-இல் லண்டனில் வெளியிட்ட சிறுவர் புத்தகம் இந்த யோசனையைக் கடைக்குக் கொண்டுவந்தது. எழுத்து வரிசையில் ஒவ்வோர் எழுத்தின் கீழும் பிள்ளைகள் ஆடும் ஓர் ஆட்டத்தின் படமும் பாட்டும் இருந்தன. கூடவே பையனுக்குப் பந்தும், பெண் குழந்தைக்கு ஊசி குத்தும் சிறு மெத்தையும் கிடைத்தன. இரண்டிலும் ஒரு பாதி சிவப்பு, மறு பாதி கறுப்பு. நல்லது செய்தால் சிவப்பில் ஓர் ஊசி, தவறு செய்தால் கறுப்பில் ஓர் ஊசி. சிவப்பில் பத்து சேர்ந்தால் ஒரு பென்னி, கறுப்பில் பத்து சேர்ந்தால் பிரம்பு. படமும் பாட்டும் பொம்மையும் சேர்ந்து வந்தும் தவறுக்குக் கணக்கு வைக்கும் வழக்கம் மாறவில்லை. பிரம்பும் அதே பெட்டிக்குள் அடங்கியிருந்தது.

மாற்றம் எழும்பூரில் நடந்தது. ஸ்காட்லாந்தின் செயின்ட் ஆண்ட்ரூஸ் நகரத்தவரான ஆண்ட்ரூ பெல் 1789-இல் இங்கிருந்த ராணுவ ஆண்கள் அநாதை இல்லத்தின் பொறுப்பை ஏற்றார். ஐரோப்பியச் சிப்பாய்களின் பிள்ளைகள் அங்கே படித்தார்கள், அவர்களில் பலருக்குத் தாய் இந்தியப் பெண். உள்ளூர்ப் பள்ளிக்கூடம் ஒன்றில் பிள்ளைகள் தரையில் மணலைப் பரப்பி விரலால் எழுதிப் பழகுவதைப் பெல் பார்த்தார். ஆங்கில எழுத்தையும் அப்படியே கற்பிக்கும்படி தம் ஆசிரியரிடம் சொல்ல, அது நடக்காது என்று அவர் கைவிரித்துவிட்டார். பெல் அந்த வகுப்பை ஜான் ஃபிரிஸ்கன் என்ற எட்டு வயதுப் பையனிடம் ஒப்படைத்தார். பையனுக்கு அது கைகூடியது. திண்ணைப் பள்ளியில் மற்றப் பிள்ளைகளுக்குச் சொல்லித்தரும் சட்டாம்பிள்ளையை அறிந்த நமக்கு இதில் வியப்பில்லை, ஆனால் பெல் இதை 1797-இல் லண்டனில் நூலாக்கியபோது அங்கே அது புதுமை. அன்றைய இங்கிலாந்தில் வாசிப்பு முதலில், எழுத்து பிறகு. ஏழைப் பிள்ளைகள் பலர் பேனாவைத் தொடும் முன்பே பள்ளியை விட்டுப் போய்விடுவார்கள். தாளும் மையும் விலை கூடியவை என்பதால் அவற்றில் தப்பு செய்வது நஷ்டம். மணலிலோ முதல் நாளே பிள்ளை எழுதத் தொடங்கலாம், தப்பானால் கையால் நிரவிவிட்டு மறுபடி எழுதலாம்.

லண்டனில் ஏழைப் பிள்ளைகளுக்குப் பள்ளி நடத்திய ஜோசப் லங்காஸ்டர் இந்த மணல் முறையை எடுத்துக்கொண்டு, எழுத்துகளின் வரிசையையே மாற்றினார். ஐ, ஹெச், டி, எல் போன்ற நேர்கோட்டு எழுத்துகள் முதலில், ஏ, வி போன்ற சாய்கோட்டு எழுத்துகள் அடுத்து, ஓ, சி போன்ற வளைவுகள் கடைசியில். அகரவரிசையைவிட விரலின் வசதி முக்கியமானது. 1811-இல் தொடங்கிய நேஷனல் சொசைட்டி பெல்லின் முறையில் இங்கிலாந்து முழுவதும் பள்ளிகளை நடத்தியது. செயின்ட் ஆண்ட்ரூஸில் அவர் விட்டுச்சென்ற பணத்தில் எழுந்த பள்ளிக்கு இன்றும் ‘மெட்ராஸ் காலேஜ்’ என்றே பெயர்.

மணல் சிக்கனத்துக்காக வந்தது, அதை விளையாட்டு என்பது மிகை என்று ஒருவர் மறுக்கலாம். பெல்லும் லங்காஸ்டரும் செலவைக் குறைக்கத்தான் நினைத்தார்கள் என்பது உண்மையே. ஆனால் ஒரு பொருளின் பலன், அதைக் கொண்டுவந்தவரின் நோக்கத்தோடு நின்றுவிடுவதில்லை. கோலம் போடப் பழகும் சிறுமி கலைத்துக் கலைத்துப் போடுவதுபோல, கேட்பாரின்றி மறுபடி முயலும் சுதந்திரத்தை மணல் தந்தது. லாக் பணக்கார வீட்டில் உண்டாக்க நினைத்ததும் அதைத்தான். இன்னொரு மறுப்பு இதைவிடக் கனமானது: மணலில் எழுதவைத்த அதே திண்ணைப் பள்ளிகளில் பிரம்பும், பிள்ளையைக் கயிற்றில் தொங்கவிடும் கோதண்டமும் இருந்தன, லங்காஸ்டரும் பிள்ளைகளைக் கூடையில் ஏற்றித் தொங்கவிட்டு அவமானப்படுத்தினார். இதை ஒப்புக்கொள்ள வேண்டும். மணல் தானாக அன்பைக் கொண்டுவரவில்லை. ஆனால் அந்தப் பள்ளிகளின் கொடுமை ஆசிரியரின் கையிலிருந்து வந்தது, எழுதும் பரப்பிலிருந்து வரவில்லை. நியூபெரியின் பந்திலோ தண்டனை பொம்மையிலேயே தைக்கப்பட்டிருந்தது.

விளையாட்டால் வாசிப்பு வந்துவிடாது என்பது மூன்றாவது மறுப்பு. 1835-இல் பாஸ்டனில் பதிவான எழுத்துப் பாட்டு இன்று உலகமெங்கும் பாடப்படுகிறது. அது எழுத்தின் பெயரையும் வரிசையையும் தருகிறது, ஒலியைத் தருவதில்லை. எல்லிலிருந்து பி வரை ஒரே மூச்சில் ஓடுவதால் அவை தனித்தனி எழுத்துகள் என்பதையே சில பிள்ளைகள் கவனிப்பதில்லை. இந்தக் குறை மெய்தான், ஆனால் அது கேட்டுத் திருப்பிச் சொல்லும் முறையின் குறை. 1907-இல் ரோமில் மரியா மாண்டிசோரி தொடங்கிய பள்ளியில், உப்புத்தாளில் வெட்டிய எழுத்தை விரலால் தடவியபடி அதன் ஒலியைச் சொல்லப் பழக்கினார்கள். விரலும் ஒலியும் அங்கே ஒன்றாக வேலை செய்தன.

இன்று எல்கேஜி வகுப்பில் பிளாஸ்டிக் எழுத்துகளும் பாட்டுக் காணொளிகளும் நிறைந்திருக்கின்றன. அதே பிள்ளை நாலு கோடு நோட்டில் ஒரே எழுத்தைப் பக்கம் பக்கமாக எழுதி, கோட்டைத் தாண்டிய இடமெல்லாம் சிவப்பு மையில் சுழி வாங்குகிறது. இரண்டும் ஒரே வகுப்பில் இருப்பதால் விளையாட்டுக் கல்வி வந்துவிட்டதாகச் சொல்லிக்கொள்கிறோம். நியூபெரியும் அப்படித்தான் சொல்லிக்கொண்டிருப்பார். தப்பு எழுத்து பதிவாகிறதா, அழிந்துபோகிறதா என்று கேட்டால் ஒரு பள்ளியில் விளையாட்டு இருக்கிறதா என்பது தெரிந்துவிடும். அதற்குத் தந்தம் தேவையில்லை. ஒரு தட்டு மணலோ, ஈரத்துணியால் துடைக்கும் ஒரு சிலேட்டோ போதும். நாலு கோடு நோட்டு ஓராண்டு பொறுத்து வரட்டும்.