ரத்வெல் சிலுவை

ஸ்காட்லாந்தின் டம்ஃபிரீஸ் பகுதியில், ரத்வெல் ஊர்த் தேவாலயத்துக்குள் நிற்கும் கற்சிலுவை. உயரம் 5 மீட்டருக்குச் சற்று அதிகம். அப்பகுதி நார்த்தம்பிரியா என்னும் ஆங்கிலோ-சாக்சன் அரசின்கீழ் இருந்த 8-ஆம் நூற்றாண்டில் இது செதுக்கப்பட்டது என்பர். செய்வித்தவர் பெயர் தெரியவில்லை.

அகன்ற முகங்களில் விவிலியக் காட்சிகளும் லத்தீன் வாசகங்களும் உள்ளன. குறுகிய பக்கங்களில் பறவைகளும் விலங்குகளும் பழம் கொறிக்கும் திராட்சைக்கொடி படர்கிறது. அதன் ஓரச்சட்டத்தில் ரூன் எழுத்துகளில் பழைய ஆங்கிலச் செய்யுள். அதைச் சொல்வது சிலுவை மரமே: கிறிஸ்து தாமே ஆடை களைந்து துணிவோடு தன்மேல் ஏறினார், தான் தலைதாழ்த்தத் துணியவில்லை என்கிறது. சிற்பமும் இதே இறையியலைத்தான் பேசுகிறது. கிறிஸ்துவின் காலடியில் இரு விலங்குகள் முன்கால்களைக் குறுக்காகச் சேர்த்து நிற்கின்றன; பாலைவனத்து விலங்குகள் உலக மீட்பரை அறிந்துகொண்டன என்கிறது சுற்றியுள்ள வாசகம். ஆகவே இங்கு மிதிபடும் பகை இல்லை, மனமுவந்த ஏற்பே உண்டு. பவுல், அந்தோனியார் என்னும் துறவியர் இருவரும் பாலைவனத்தில் ஒரே அப்பத்தைப் பிட்டுக்கொள்ளும் சிறு காட்சியும் நற்கருணையை நினைவூட்டி இதனோடு இசைகிறது.

இந்த வீரக் கிறிஸ்து பழைய ஜெர்மானியப் போர்மரபின் எச்சமே என்று வாதிடுவோர் உண்டு. செய்யுளின் சொல்வளம் அம்மரபினது என்பதை மறுப்பதற்கில்லை. ஆனால் சிலுவையில் வெற்றி காணும் அரசரை 6-ஆம் நூற்றாண்டிலேயே வெனான்சியுஸ் ஃபோர்த்துனாத்துஸ் லத்தீனில் பாடிவிட்டார். கிறிஸ்துவுக்கு மனித விருப்பம், தெய்வ விருப்பம் என இரண்டும் உண்டென வலியுறுத்திய 649-ஆம் ஆண்டு லாத்தரன் சங்கத்தின் முடிவுகளை, 680-ஐ ஒட்டி ஹாட்ஃபீல்டில் கூடிய ஆங்கிலேய ஆயர்கள் ஏற்றனர். மனமுவந்து சாவை ஏற்றவரை முன்னிறுத்தும் செய்யுளுக்கு இக்கோட்பாடும் பின்புலமாகலாம். நேரடித் தொடர்புக்குச் சான்றில்லை. ரூன்கள் பிற்காலச் சேர்க்கை என்போரும் உளர். அப்படியே கொண்டாலும், சேர்த்தவர் சிற்பத்தின் பொருளை அறிந்தே சேர்த்தார் எனலாம்.

இடைக்காலச் செய்திகள் மிகக் குறைவு. சிலைவழிபாட்டுச் சின்னங்களை அழிக்கச் சொன்ன ஸ்காட்லாந்துத் திருச்சபைப் பொதுப்பேரவையின் 1640-ஆம் ஆண்டு ஆணையை அடுத்து, 1642-இல் சிலுவை உடைக்கப்பட்டது. 1810-இல் இவ்வூரில் எளியோருக்கான சேமிப்பு வங்கி தொடங்கிய போதகர் ஹென்றி டங்கன், துண்டுகளைத் திரட்டி 1823-இல் தம் இல்லத் தோட்டத்தில் நிறுத்தினார். இன்றுள்ள குறுக்குக்கை அவர் செய்வித்தது. ரூன்கள் பழைய ஆங்கிலச் செய்யுள் என 1840-இல் ஜான் கெம்பிள் கண்டார். 10-ஆம் நூற்றாண்டின் பிற்பகுதியைச் சேர்ந்த வெர்செல்லிச் சுவடியிலுள்ள ‘சிலுவைக் கனவு’ என்னும் பழைய ஆங்கிலச் செய்யுள் பின்னர் அதை உறுதிசெய்தது. 1887-இல் சிலுவை தேவாலயத்துக்குள் கொண்டுசெல்லப்பட்டது. தொடக்கத்தில் இது சிலுவையா, வெறும் தூணா என்ற விவாதம் அண்மையில் எழுந்து தொடர்கிறது.