பெல்லாரி வழியாக மெட்ராஸ்

ஒரு சரக்கு பல கை மாறித்தான் போய்ச் சேரும் என்பது போடிநாயக்கனூர்க்காரர்களுக்குப் புதுசு இல்லை. ஒரு காலத்தில் மூணாறுப் பக்கத்துத் தேயிலை, டாப் ஸ்டேஷனிலிருந்து ரோப்வேயில் கொட்டகுடிக்கு இறங்கியது. அங்கிருந்து மாட்டு வண்டியில் போடிக்கு, பிறகு ரயில், தூத்துக்குடியில் கப்பல். போடிக்கே ரயில் வந்தது 1928-ல்தான். இடையில் சுமந்தவர்களின் பெயர் எந்தப் பெட்டியிலும் கிடையாது.

இந்தியாவின் முதல் விமானக் கம்பெனிக்கும் கிட்டத்தட்ட இதே கதைதான். 1932 அக்டோபர் 15-ம் தேதி ஜே.ஆர்.டி. டாடா கராச்சியிலிருந்து தபால் பையோடு ஒரு சின்ன பஸ் மாத் விமானத்தை ஓட்டிவந்தார். அகமதாபாத்தில் இறங்கிப் பெட்ரோல் போட்டுக்கொண்டு பம்பாய் ஜுஹு வந்து சேர்ந்தார். படம், அஞ்சல்தலை, பாடப்புத்தகம் எல்லாம் பெரும்பாலும் அத்தோடு நின்றுவிடும். ஆனால் தபால் நிற்கவில்லை. அது போக வேண்டிய ஊர் மெட்ராஸ். மீதிப் பாதியை, ராத்திரி பெல்லாரியில் தங்கி, மறுநாள் மெட்ராஸ்வரை ஓட்டியவர் நெவில் வின்சென்ட்.

யோசனையே அவருடையதுதான் என்பது எனக்கு இன்னும் முக்கியமாகப் படுகிறது. பிரிட்டிஷ் விமானப்படையில் இருந்தவர். படையை விட்டபின் பழைய விமானங்களோடு இந்தியா வந்து, ஊர் ஊராகப் போய், காசு வாங்கிக்கொண்டு ஜனங்களை வானத்தில் ஒரு சுற்று சுற்றிக்காட்டினார். திருவிழா ராட்டினம் மாதிரி தொழில். அப்படிச் சுற்றியதில்தான் இந்த நாட்டின் மைதானங்களும் மழையும் அவருக்குப் பழகியிருக்க வேண்டும். லண்டன் தபால் இம்பீரியல் ஏர்வேஸில் கராச்சி வரை பறந்து வருகிறது, அப்புறம் ரயிலில் நாள்கணக்கில் ஊர்கிறது. இந்த இடைவெளியை அவர் பார்த்தார். 1929-ல் திட்டத்தோடு டாடாவிடம் போனார். அந்த வருஷம்தான் ஜே.ஆர்.டி. பைலட் லைசென்ஸ் வாங்கியிருந்தார். முதலீடு சுமார் 2 லட்சம் ரூபாய். அரசாங்கம் மானியம் தராது என்று கைவிரித்தது. கடைசியில் மானியம் இல்லாமலே பத்து வருஷ ஒப்பந்தம். கோப்பு நகர மூன்று வருஷம் ஆனது (நமக்கும் தெரிந்த கதைதான்).

நிர்வாகி என்றால் மேஜைக்குப் பின்னால் உட்கார்ந்தவர் இல்லை. ஜுஹுவில் மழைக்காலத்தில் தரை சேறாகிவிடும், பூனாவுக்கு மாற வேண்டும். தடம் எங்கே போடுவது, எங்கே இறங்குவது என்று பார்த்தவரே ஓட்டவும் செய்தார். 1935-ல் பம்பாயிலிருந்து கோவா, கண்ணூர் வழியாகத் திருவனந்தபுரத்துக்கு ஒரு தடம். 1938-ல் மெட்ராஸிலிருந்து திருச்சி வழியாகக் கொழும்பு. வரைபடத்தை விரித்தால் நம்ம ஏலமலைக்கு மேற்கே ஒரு கோடு, கிழக்கே ஒரு கோடு. நடுவில் ஏலக்காய் மூட்டை பழையபடி மலைப்பாதையில்தான் இறங்கியது.

போர் வந்ததும் பூனாவில் விமானத் தொழிற்சாலை தொடங்க ஆசைப்பட்டு வின்சென்ட் இங்கிலாந்து போனார். 1942 ஜனவரியில், திரும்பும் பயணத்தில், அவர் வந்த ராணுவ விமானம் காணாமல் போனது. நாலு வருஷம் கழித்து டாடா ஏர்லைன்ஸ் ஏர் இந்தியா என்று பெயர் மாறியது.