எப்பிங் காட்டில் ஒரு காளான்

ஒக்ரோபரில் மழை விட்ட ஒரு ஞாயிறு காலை, கிழக்கு லண்டனிலிருந்து சிங்ஃபோர்ட் வரை ரயிலில் போய் எப்பிங் காட்டுக்குள் நடந்தோம். பீச் மரமொன்றின் அடியில், சருகை விலக்கிக்கொண்டு, சுட்ட பணிஸ் போல ஒரு காளான் நின்றது. எங்களில் ஒருவர் பறிக்கக் குனிந்தார். இன்னொருவர் நஞ்சாயிருக்குமென்று கையைப் பிடித்துத் தடுத்தார். அன்று அதைப் பறிக்கவில்லை. ஆனால் அது என்ன, அதைப் பறிக்க எமக்கு உரிமை உண்டா என்ற இரண்டு கேள்விகள் வீடு வரை கூடவே வந்தன.

முதற் கேள்விக்குப் புத்தகங்கள் விடை சொல்லின. அது பொலீற் இனம். ஆங்கிலேயர் பென்னி பணிஸ் என்கிறார்கள். இத்தாலியருக்கு அது போர்ச்சினி. குடையின் கீழே மடல்கள் இரா. பஞ்சு போன்ற நுண்துளைகள் இருக்கும். இளமையில் வெள்ளையான துளைகள் முதிர முதிர மஞ்சளாகிப் பச்சை பூசும். பருத்த தண்டின் மேற்பகுதியில் வெண்ணிற வலைக்கோடுகள் தெரியும். வெட்டினால் சதை வெள்ளையாகவே இருக்கும். துளைகள் இளஞ்சிவப்பாயும் வலைக்கோடுகள் கபில நிறமாயும் இருந்தால் அது கசப்பு இனம். ஒன்று விழுந்தாலே சட்டிக் கறி முழுவதும் கெட்டுவிடும். துளைகள் சிவந்து, வெட்டிய இடம் நீலமானால், பழக்கமில்லாதவர் விலகிப்போவதே நல்லது.

தடுத்த கையும் தவறல்ல. ஆசியாவில் உண்ணும் வைக்கோற் காளானின் மொட்டும், ஐரோப்பாவின் மிகக் கொடிய மரணத்தொப்பிக் காளானின் மொட்டும் ஒன்றுபோலிருக்கும். ஊர்க் கண்ணை நம்பிப் பறித்துண்டு இறந்த புலம்பெயர்ந்தோர் அமெரிக்காவிலும் அவுஸ்திரேலியாவிலும் உண்டு. அந்த நஞ்சு கொதிக்க வைத்தாலும் போகாது. பல மணி நேரம் கழித்தே வாந்தியாகத் தெரியவரும். பின் ஈரலை அழிக்கும். ஊரில் உயிர்காத்த அறிவே இங்கே உயிரை வாங்கிவிடலாம்.

இரண்டாவது கேள்விக்கு விடை வரலாற்றில் கிடைத்தது. 19ஆம் நூற்றாண்டில் நிலப்பிரபுக்கள் இந்தக் காட்டை வேலியடைத்தார்கள். லௌற்றன் கிராமத்து ஏழைகளுக்குக் குளிர்காலத்தில் விறகுக்குக் கிளை வெட்டும் பழைய உரிமை இருந்தது. தோமஸ் வில்லிங்கேல் என்ற கூலியாள் அதை விடவில்லை. 1860களில் அவர் குடும்பத்தவர் கிளை வெட்டியதற்காகச் சிறை சென்றார்கள். பின்னர் லண்டன் மாநகராட்சி வழக்காடி 1874இல் வென்றது. 1878இல் வந்த எப்பிங் காட்டுச் சட்டம் ஏறத்தாழ 6,000 ஏக்கரைப் பொதுமக்களின் உலாவுக்கென்று காப்பாற்றியது. ஆனால் அதே சட்டம் கிளை வெட்டும் உரிமையை முடித்தும் வைத்தது. அதற்கு ஈடாக 1884இல் லௌற்றனில் ஒரு மண்டபம் எழும்பியது. காட்டுக்காகச் சிறை சென்றவர்களுக்குக் காடு மிஞ்சியது, விறகு மிஞ்சவில்லை.

காளானுக்கும் அதே கதைதான். தானாக முளைத்த காளானை விற்பனை நோக்கமின்றிப் பறிப்பது இங்கிலாந்தின் 1968ஆம் ஆண்டுக் களவுச் சட்டப்படி களவல்ல. எப்பிங்கிலோ துணைவிதிகள் அதைத் தடுக்கின்றன. மீறியவர்கள் மீது வழக்கும் நடந்திருக்கிறது. பார்க்கலாம், படிக்கலாம், எடுக்கக்கூடாது.

அந்தப் படிப்புக்கும் இங்கே ஒரு வரலாறு உண்டு. 1880இல் தொடங்கிய எசெக்ஸ் களக் கழகம் ஆண்டுதோறும் இலையுதிர்காலத்தில் இக்காட்டில் காளான் தேடி நடந்தது. கூட நடந்து, கையில் கொடுத்து, முகர்ந்து பார்க்கச் சொல்லி ஒருவருக்கொருவர் கற்றுக்கொடுத்தார்கள். அதன் முதல் தலைவர் ரபேல் மெல்டோலா, இத்தாலியிலிருந்து லண்டன் வந்த யூத மதகுரு ஒருவரின் பேரன். வந்தேறிய குடும்பத்துப் பிள்ளை ஒருவர், இந்த மண்ணின் காளானைப் பெயர் சொல்லிப் பழகிய கூட்டத்துக்குத் தலைமை வகித்திருக்கிறார்.

அறிவியலுக்கும் எல்லாப் பெயரும் தெரிந்திருக்கவில்லை. 2014இல் கியூ தாவரவியற் பூங்கா ஆய்வாளர் இருவர், லண்டன் கடையொன்றில் வாங்கிய உலர்ந்த போர்ச்சினிப் பக்கற்றில் 15 துண்டுகளை மரபணுச் சோதனை செய்தார்கள். அதுவரை அறிவியற் பெயரே பெறாத மூன்று இனங்கள் அதற்குள் இருந்தன. மூன்றும் சீனத்திலிருந்து வந்தவை. ஒன்றுக்குச் சீனர் வழங்கிவந்த பெயரையே சூட்டினார்கள். 'வெள்ளை மாட்டீரல்' என்பது அதன் பொருள். பறித்து விற்றவர்களுக்கு எப்போதோ தெரிந்த காளான் அது.

இடி இடித்து மழை பெய்த மறுநாள் புற்றடிக்குப் போய், எது கறிக்கு, எது ஆகாதென்று பிரித்துச் சொன்ன அம்மம்மாக்கள் எம்மிடையேயும் இருக்கிறார்கள். இன்று அவர்கள் லண்டனிலும் பாரிசிலும் ரொறன்ரோவிலும் மாடிவீட்டு யன்னலோரம் இருக்கிறார்கள். அவர்கள் அறிவை எப்பிங்கில் உணவுக்கு நம்பக்கூடாது. ஆனால் அது எங்களூர்க் காட்டின் அறிவு. அவர்களோடு போய்விட்டால் எந்த நூலகத்திலும் தேடிப்பிடிக்க முடியாது. அடுத்த மழைக்கு எப்பிங் போகுமுன், அவர்கள் பக்கத்தில் ஒரு கொப்பியோடு உட்காருவோம்.