ஸ்பார்ட்டகஸ்: திரை காட்டுவதும் மறைப்பதும்

1960இல் வெளிவந்த ‘ஸ்பார்ட்டகஸ்’ படத்தைப் பார்த்த யாரும் அந்தக் காட்சியை மறந்திருக்க மாட்டோம். கிளர்ச்சி தோற்றுவிட்டது. பிடிபட்ட அடிமைகள் சங்கிலியோடு அமர்ந்திருக்கிறார்கள். ஸ்பார்ட்டகஸை அடையாளம் காட்டினால் சிலுவையிலிருந்து தப்பலாம் என்கிறது ரோம். ஒருவர் பின் ஒருவராக எழுந்து, தானே ஸ்பார்ட்டகஸ் என்கிறார்கள்.

இப்படி நடந்ததாகப் பழைய வரலாற்றாசிரியர்கள் யாரும் எழுதவில்லை. படத்தில் அவர் சிலுவையில் இறக்கிறார். உண்மையில் போர்க்களத்தில் வீழ்ந்தார். உடல் கிடைக்கவேயில்லை என்கிறார் அப்பியன்.

ஆனாலும் அந்தக் காட்சியை வெறும் கற்பனை என்று நாம் ஒதுக்க முடியாது. மூல நாவலை எழுதிய ஹோவர்ட் ஃபாஸ்ட், பாசிச எதிர்ப்பு அகதிகளுக்கு உதவியவர்களின் பெயர்களைத் தர மறுத்து 1950இல் சிறை சென்றவர். திரைக்கதை எழுதிய டால்டன் ட்ரம்போவும் அமெரிக்க நாடாளுமன்றக் குழுவுக்குப் பதில் சொல்ல மறுத்துச் சிறை சென்றவர். பத்தாண்டுக்கும் மேல் சொந்தப் பெயரில் படங்களுக்கு எழுத முடியாமல் இருந்தவர். தோழரைக் காட்டிக்கொடுக்க மறுப்பதன் விலை இருவருக்கும் தெரியும்.

திரையின் சிக்கல் வேறிடத்தில் இருக்கிறது. அது ஓர் இயக்கத்தை ஒரு நாயகனாகச் சுருக்கிவிடுகிறது. 2010இல் தொடங்கிய தொலைக்காட்சித் தொடரோ ரத்தத்தையும் உடற்கட்டையும் காட்டிக்காட்டி, நம்மையே அரங்கின் பார்வையாளர் வரிசையில் உட்கார வைத்துவிடுகிறது.

கி.மு. 73இல் காப்புவா பயிற்சிக்கூடத்திலிருந்து தப்பியவர்கள் எழுபதுக்கும் சற்று அதிகம். கையில் இருந்தவை சமையலறைக் கத்திகளும் இறைச்சி சுடும் கம்பிகளும். ஸ்பார்ட்டகஸோடு கிரிக்ஸஸ், ஓனமாஸ் ஆகியோரும் தலைமை தாங்கினர். வெசூவியஸ் மலையில் முற்றுகையிடப்பட்டபோது, காட்டுத் திராட்சைக் கொடிகளை ஏணியாகப் பின்னி இறங்கிப் படையைத் தாக்கினர். மேய்ப்பர்கள் வந்து சேர்ந்தனர். அடிமைகள் அல்லாத ஏழை உழைப்பாளிகளும் சேர்ந்தனர். கைப்பற்றிய பொருள் சமமாகப் பங்கிடப்பட்டது. வணிகர்கள் தங்கம், வெள்ளி கொண்டுவரத் தடை இருந்தது. இரும்பையும் வெண்கலத்தையும் மட்டுமே வாங்கினார்கள்.

இவற்றை எழுதிவைத்தவர்கள் புளூட்டார்க்கும் அப்பியனும். இருவரும் நூறாண்டுகளுக்கும் மேல் கழித்து எழுதியவர்கள், அடிமைகளின் தரப்பைச் சேராதவர்கள். அவர்களாலும் மறைக்க முடியாத அளவுக்கு அங்கே ஒழுங்கும் திட்டமும் இருந்திருக்கின்றன.

ரோம அடிமைமுறையைத் தீண்டாமையோடு ஒப்பிட்டு எழுதிய அண்ணல் அம்பேத்கரைப் படிக்கும் நாம், இந்தப் படங்களை வீரக்கதையாக மட்டும் பார்த்துவிட்டு எழுந்துபோக முடியாது. கி.மு. 71இல், காப்புவாவிலிருந்து ரோம் வரை நீண்ட சாலையோரம் சுமார் 6,000 பேரைச் சிலுவையில் ஏற்றினான் கிராஸஸ். அவர்களில் ஒருவர் பெயரும் நமக்குக் கிடைக்கவில்லை. கொடியைப் பின்னியவர்கள், பங்கு பிரித்தவர்கள், இரும்பை உருக்கியவர்கள் அவர்களிடையே இருந்திருப்பார்கள். அடுத்த முறை படத்தைப் பார்க்கும்போது, நாயகனுக்குப் பின்னால் நிற்கும் அந்த முகங்களைப் பாருங்கள் தோழர்களே.