அழித்த கேம் திரும்பி வந்த காலம்: 229 என்ற எண்ணின் கதை

கணினியில் ‘டிலீட்’ என்று ஒரு கட்டளை இருக்கிறதே, அது ரொம்ப காலம் செய்த வேலை அழிப்பது இல்லை, மறைப்பதுதான். கேம்களையும், அவற்றில் நாம் எங்கே விட்டோம் என்று குறித்து வைக்கும் சேவ் ஃபைல்களையும் தெரியாத்தனமாக அழித்துவிட்டு மீட்டவர்கள் எல்லாரும் பிழைத்தது இந்த ஒரு விஷயத்தால்தான். ஆனால் இதை யாரும் நம் நலனுக்காக யோசித்து வைக்கவில்லை. நேரத்தை மிச்சம் பிடிக்கச் செய்த ஒரு ஏற்பாட்டின் பக்க விளைவு அது. பின்னால் அதே மிச்சம் பிடிக்கும் புத்திதான் அந்த வாய்ப்பைத் திரும்பவும் எடுத்துக்கொண்டது. இந்தக் கட்டுரை அந்தக் கதை.

229 எங்கிருந்து வந்தது?

1974-ல் கேரி கில்டால் சிபி/எம் என்ற இயங்குதளத்தை எழுதியபோது சேமிப்புக்கு இருந்தது 8 அங்குல ஃபிளாப்பி. ஐபிஎம் வகுத்த முறைப்படி ஃபார்மேட் ஆகி வந்த புது ஃபிளாப்பிகளில் தரவுப் பகுதி முழுக்க ஒரே பைட் நிரம்பியிருக்கும். அதன் மதிப்பு 229. பதினறும எண்முறையில் சொன்னால் ஈ5.

சிபி/எம் இதைப் பயன்படுத்திக்கொண்டது. ஃபைல் பட்டியலில் ஒரு வரி 229-ல் தொடங்கினால் அந்த வரி காலி என்று அர்த்தம். அப்படின்னா புது ஃபிளாப்பியில் எதுவுமே எழுத வேண்டாம், அது ஏற்கெனவே காலிப் பட்டியல் மாதிரியே தெரியும். ஒரு ஃபைலை அழிக்கணுமா? அதன் வரியின் முதல் பைட்டில் 229 எழுதினால் போதும். உள்ளே இருக்கும் தரவைத் தொடவே வேண்டாம். அன்றைய டிரைவ்களின் வேகத்துக்கு இது பெரிய மிச்சம்.

1980-ல் டிம் பேட்டர்சன் எழுதிய 86-டாஸ், அதை வாங்கி மைக்ரோசாப்ட் வெளியிட்ட எம்எஸ்-டாஸ் இரண்டும் இந்த வழக்கத்தைத் தொடர்ந்தன. ஒரே ஒரு வித்தியாசம். சிபி/எம்மில் அந்த முதல் பைட் பயனர் எண். டாஸில் அது ஃபைல் பெயரின் முதல் எழுத்து. அதனால் டாஸில் ஒரு ஃபைலை அழித்தால் பெயரின் முதல் எழுத்து மட்டும் போய்விடும், மீதிப் பெயர் அப்படியே இருக்கும்.

ஜப்பானில் இது ஒரு சிக்கலைக் கிளப்பியது. அங்கே பயன்படுத்திய ஷிஃப்ட்-ஜிஸ் எழுத்துக் குறியீட்டில் 229 என்பது சில கஞ்சி எழுத்துகளின் முதல் பைட். அந்த எழுத்தில் பெயர் தொடங்கினால் உயிரோடு இருக்கும் ஃபைலே அழிந்ததாகத் தெரியும். அதற்காக, அந்த மாதிரிப் பெயர்களில் 229-க்குப் பதில் 5 என்று எழுதி வைக்கும் ஒட்டுவேலையைச் செய்தார்கள். ஒரு காலி ஃபிளாப்பியின் நிரப்பு எண் எவ்வளவு தூரம் வந்திருக்கிறது பாருங்க.

லாட்ஜ் ரெஜிஸ்டர்

டாஸில் அழித்தபின் என்ன மிஞ்சும் என்பதை ஒரு லாட்ஜை வைத்துப் புரிந்துகொள்ளலாம். ரெஜிஸ்டரில் தங்கியவர் பெயர், முதல் அறை எண், மொத்தம் எத்தனை பேர் என்று இருக்கும். ஒரு பெரிய குடும்பம் வந்து நாலு அறை எடுத்தால், எந்த அறைக்கு அடுத்து எந்த அறை என்பது தனியாக ஒரு தாளில் இருக்கும். டாஸில் அந்தத் தாளின் பெயர்தான் ஃபேட், அறையின் பெயர் கிளஸ்டர்.

‘டிலீட்’ கொடுத்ததும் ரெஜிஸ்டரில் பெயரின் முதல் எழுத்தை அடித்துவிடுவார்கள். தனித்தாளில் அந்தக் குடும்பத்தின் அறைகளை எல்லாம் காலி என்று மாற்றிவிடுவார்கள். ஆனால் அறைக்குள் யாரும் போகவில்லை, பெட்டி படுக்கை எல்லாம் உள்ளேயே இருக்கு. அடுத்த ஆள் வந்து அதே அறையில் நுழையும் வரை அவை பத்திரம்.

ஆக, மீட்கும் நிரலுக்குத் தெரிவது முதல் அறை எண்ணும் மொத்த அளவும் மட்டும். மீதி அறைகள் அடுத்தடுத்து இருந்திருக்கும் என்று ஊகித்துத்தான் எடுக்கணும். சின்ன ஃபைல் என்றால் ஒரே அறை, ஊகமே வேண்டாம். பெரிய ஃபைல் டிஸ்க் முழுக்கச் சிதறிக் கிடந்தால் கதை கந்தல்.

ஒரு எழுத்து கேட்ட நிரல்

பீட்டர் நார்ட்டன் 1982-ல் வெளியிட்ட நார்ட்டன் யுட்டிலிட்டீஸ் தொகுப்பின் நட்சத்திரம் ‘அன்இரேஸ்’ என்ற நிரல். தானே ஒரு ஃபைலைத் தவறி அழித்துவிட்டு, அதை மீட்க எழுத ஆரம்பித்ததுதான் அது. தனியாகக் காசு கொடுத்து வாங்க வேண்டிய இந்த வித்தை, 1991-ல் எம்எஸ்-டாஸ் 5.0 வந்தபோது ‘அன்டிலீட்’ என்ற பெயரில் இயங்குதளத்துக்குள்ளேயே வந்துவிட்டது. மைக்ரோசாப்ட் அதை சென்ட்ரல் பாயின்ட் நிறுவனத்திடமிருந்து உரிமம் பெற்றுச் சேர்த்தது.

அன்டிலீட் ஓட்டினால் முதல் எழுத்து இருக்க வேண்டிய இடத்தில் கேள்விக்குறியோடு ஒரு பட்டியல் வரும். ஒவ்வொன்றுக்கும் ‘முதல் எழுத்து என்ன?’ என்று நம்மிடம் கேட்கும். கேம்களை மீட்பதில் இதுதான் பெரிய பொறி. பிரின்ஸ் ஆஃப் பெர்ஷியாவை எடுத்துக்கொள்ளுங்கள். 1990-ல் டாஸுக்கு வந்த அந்த கேம் ஒரே ஃபைல் இல்லை. ஓட்டும் நிரல் ஒன்று, படங்களும் ஒலிகளும் கட்டங்களும் அடங்கிய டேட்டா ஃபைல்கள் பல. அதில் நாயகனின் படங்கள் இருக்கும் ஃபைலின் பெயர் கே-ஐ-டி. அழித்தபின் ஐ-டி மட்டும் நிற்கும். அங்கே ‘கே’ என்று தராமல் வேறு எழுத்தைத் தந்தால், தரவு முழுசாக மீண்டாலும் கேமுக்கு அந்த ஃபைல் கிடைக்காது. ஊர்ப் பேர் மாறிப்போன கடிதம் மாதிரி.

தொண்ணூறுகளின் கடைசியில் நான் பி.ஈ. படித்தபோது லேபில் டாஸ் 6.22 மெஷின்கள் இன்னும் ஓடிக்கொண்டிருந்தன. இன்ஸ்பெக்‌ஷன் வருதுன்னா முந்தின நாள் எல்லா கேமையும் அழிப்பார்கள். இன்ஸ்பெக்‌ஷன் முடிந்த மறுநாளே பிரின்ஸ் திரும்ப ஓடும். எந்த ஃபைலுக்கு எந்த முதல் எழுத்து என்று நோட்டில் எழுதி வைத்திருந்த சீனியர்களுக்கு ஜூனியர்கள் மத்தியில் தனி மரியாதை.

8 பைட் சேவ்

கேமை இன்னொரு ஃபிளாப்பியிலிருந்து திரும்பக் காப்பி பண்ணிக்கலாம். சேவ் அப்படி இல்லை. உலகத்தில் அதற்கு ஒரே பிரதிதான், அதுவும் நம்முடையது.

பிரின்ஸ் ஆஃப் பெர்ஷியாவில் 60 நிமிடத்துக்குள் இளவரசியைக் காப்பாற்றணும். கன்ட்ரோல்-ஜி அழுத்தினால் சேவ் ஆகும். அந்த சேவ் ஃபைலின் அளவு எவ்வளவு தெரியுமா? 8 பைட். மீதி நிமிடம், நிமிடத்துக்குள் மீதி நொடித்துளி, எத்தனையாவது கட்டம், எவ்வளவு உயிர் என்று நாலு எண், ஆளுக்கு 2 பைட். நாட்கணக்கில் போராடியது மொத்தமும் அவ்வளவுதான்.

இவ்வளவு சின்ன ஃபைல் எப்போதும் ஒரே கிளஸ்டருக்குள் அடங்கும். அதனால் ‘டிலீட்’ ஆனால் மீட்பது சுலபம். அதன் உண்மையான எதிரி வேறு: மேலெழுதுவது. சேவ் ஃபைல் ஒன்றே ஒன்று என்பதால், 9-வது கட்டத்தில் 3 நிமிடம் மட்டும் மிச்சம் இருக்கும்போது கன்ட்ரோல்-ஜி அழுத்தினால் பழைய நல்ல சேவ் போச்சு. ஃபைல் அழியவில்லை, அதனால் அன்டிலீட் பட்டியலில் அது வரவே வராது. 1993-ல் வந்த டூம் கேமில் 6 இடங்கள் தந்தார்கள், அதில் நிம்மதி.

டூம் சேவில் இன்னொரு வசதியும் இருந்தது. ஃபைலின் தொடக்கத்திலேயே நாம் வைத்த பெயர் 24 பைட்டில் இருக்கும், அதற்கடுத்து பதிப்பு எண். பட்டியல் வரியே போய்விட்டால்கூட, டிஸ்க் எடிட்டரில் அந்தப் பெயரைத் தேடினால் சேவ் தொடங்கும் இடம் அகப்படும். இன்றைக்கு ஃபோட்டோரெக் போன்ற நிரல்கள் செய்வதும் இதே வேலைதான்: ஒவ்வொரு வகை ஃபைலுக்கும் உள்ள தொடக்க அடையாளத்தை வைத்து டிஸ்க்கைச் சலிப்பது. புகைப்படத்துக்கு அந்த அடையாளம் உண்டு. கேம் சேவ்களில் பலவற்றுக்குப் பொதுவான அடையாளம் கிடையாது. அதனால்தான் கல்யாண ஃபோட்டோ மீளும், சேவ் மீளாது.

பேட்டரியும் மெமரி கார்டும்

கன்சோல் உலகத்தில் கதை வேறு. 1986-ல் ஜப்பானில் வந்த டிராகன் குவெஸ்ட், சேவ் செய்ய இடமே இல்லாமல் 20 ஹிரகானா எழுத்துகள் கொண்ட ஒரு ‘மந்திரத்தை’க் காட்டும். காகிதத்தில் எழுதிக்கொள்ளணும். அடுத்த பாகத்தில் அது 52 எழுத்து வரை நீண்டது. ஒரு எழுத்து பிசகினாலும் எல்லாம் வீண். 1988-ல் மூன்றாம் பாகம் பேட்டரிக்கு மாறியது. தரவு கெட்டுப்போனால் ஒரு பயங்கர இசையோடு ‘உங்கள் சாகசக் குறிப்பு அழிந்துவிட்டது’ என்ற அறிவிப்பு வரும். அந்தத் தலைமுறை ஜப்பானியர்கள் அந்த இசையை இன்னும் மறக்கவில்லை.

பேட்டரி சேவில் மீட்பு என்ற பேச்சே இல்லை. அந்த நினைவகத்துக்கு மின்சாரம் நின்றால் அப்புறம் எதுவும் மிஞ்சாது. 1987-ல் அமெரிக்காவில் வந்த செல்டா கேமில், ரீசெட் பொத்தானை அழுத்திப் பிடித்தபடியே பவரை அணைக்கச் சொன்னதும் இதனால்தான். மின்னழுத்தம் இறங்கும் அந்தக் கணத்தில் பிராசஸர் கண்டதையும் சேவ் மேல் எழுதிவிடக்கூடும். ரீசெட் அழுத்தியிருந்தால் அது கையைக் கட்டிக்கொண்டு நிற்கும்.

சோனி பிளேஸ்டேஷனின் மெமரி கார்டு 128 கிலோபைட். 16 பகுதிகளில் ஒன்று பட்டியலுக்கு, 15 சேவுக்கு. அழித்தால் நடப்பது நம்ம 229 கதையேதான்: பட்டியலில் 81 என்று இருக்கும் நிலை எண் 161 ஆகும், தரவு அப்படியே இருக்கும். ஒரு சேவ் பல பகுதிகளில் இருந்தால் அவற்றின் எண்கள் 82, 83-லிருந்து 162, 163 ஆகும். எந்தப் பகுதிக்கு அடுத்து எது என்ற தகவலும் பத்திரம். டாஸைவிட இது ஒருபடி மேல். கார்டைக் கணினியில் இணைத்து அந்த எண்களைத் திருப்பி, சரிபார்ப்பு பைட்டையும் திருத்தினால் சேவ் உயிரோடு வரும்.

கதவு மூடிய வருடம்

2009-ல் வந்த விண்டோஸ் 7, எஸ்எஸ்டிகளுக்காக ‘டிரிம்’ என்ற கட்டளையைக் கொண்டுவந்தது. காந்த டிஸ்க்கில் பழைய தரவின் மேலேயே புதுசை எழுதலாம். ஃபிளாஷ் நினைவகத்தில் முடியாது, முதலில் அழிக்கணும், பிறகுதான் எழுதணும். அழிப்பது மெதுவான வேலை. எழுதும் நேரத்தில் அழித்துக்கொண்டிருந்தால் வேகம் படுத்துவிடும். அதனால் ஒரு ஃபைலை நாம் அழித்தவுடனே இயங்குதளம் டிரைவிடம் ‘இந்த இடங்கள் இனி வேண்டாம்’ என்று சொல்லிவிடுகிறது. டிரைவ் சும்மா இருக்கும் நேரத்தில் அவற்றைத் துடைத்து வைக்கிறது. லாட்ஜில் இப்போது பெயரை அடித்த கையோடு ஹவுஸ்கீப்பிங் ஆள் உள்ளே போய்விடுகிறார்.

1974-ல் நேரம் மிச்சம் பிடிக்கத் தரவைத் தொடாமல் விட்டார்கள், 2009-ல் நேரம் மிச்சம் பிடிக்கத் தரவைத் துடைத்தார்கள். காரணம் ஒன்றே, பலன் தலைகீழ். இரண்டிலும் நம்மை யாரும் கேட்கவில்லை.

சரி, கேமையாவது திரும்ப டவுன்லோடு பண்ணிக்கலாமே? அதுவும் கடைக்காரர் தயவு. 2014 ஆகஸ்டில் கொனாமி பிளேஸ்டேஷன் 4-க்கு இலவசமாக வெளியிட்ட ‘பி.டி.’ என்ற திகில் கேமை 2015-ல் கடையிலிருந்து எடுத்துவிட்டார்கள். அதன்பிறகு இடம் பத்தலை என்று அதை அழித்தவர்கள் வழக்கமான வழியில் திரும்பப் பெற முடியவில்லை. அந்த கன்சோலின் டிஸ்க் மறையாக்கம் செய்யப்பட்டது என்பதால் பழைய மீட்பு வித்தைகளும் செல்லாது. அந்த கேம் உள்ளே இருக்கும் கன்சோல்களை அதிக விலைக்கு விற்கும் நிலை வந்தது.

கிளவுட் சேவும் முழு பதில் இல்லை. 2008-ல் ஸ்டீம் அதைக் கொண்டுவந்தது. ஆனால் ஒத்திசைவு என்பது வேறு, காப்புப் பிரதி என்பது வேறு. இங்கே அழிந்ததை, கெட்டதை அங்கேயும் கொண்டுபோய்ச் சேர்ப்பதும் ஒத்திசைவுதான்.

செய்ய வேண்டியது

பழைய ஹார்ட் டிஸ்க், ஃபிளாப்பி, மெமரி கார்டில் இருந்தது அழிந்துவிட்டதா? முதலில் அதில் எதையும் எழுதாதீர்கள். மீட்பு நிரலைக்கூட வேறு டிஸ்க்கில் நிறுவி, மீண்டதை வேறு டிஸ்க்கில் வையுங்கள். ஃபிளாப்பி என்றால் படிப்பதற்கு முன்பே எழுதுதடைத் துளையைத் திறந்துவிடுங்கள். எஸ்எஸ்டி என்றால் பெரிதாக எதிர்பார்க்க வேண்டாம். கிளவுட் சேவ் இருந்த கேம் என்றால், இன்னொரு கணினியில் பழைய பிரதி இருக்கிறதா பாருங்கள். அந்தக் கணினியில் இணையத்தைத் துண்டித்துவிட்டு, அந்தப் பிரதியை முதலில் எடுத்து வையுங்கள்.

இதெல்லாம் நடந்த பிறகு செய்வது. நடக்கும் முன் செய்ய வேண்டியது ஒன்றே ஒன்று: உங்கள் கேம் சேவ் எந்த ஃபோல்டரில் இருக்கிறது என்று இன்றே தேடிக் கண்டுபிடித்து, ஒரு பென் டிரைவில் தேதி போட்டு ஒரு பிரதி வையுங்கள். 229 நம்மைக் காப்பாற்றிய காலம் முடிந்துவிட்டது.